மலையேறாத சாமி

சிதம்பரம் நடராசர் கோயிலில் சிற்றம்பலத்துக்கு எதிரே ஓர் இடத்தில் நின்றால் இரண்டு சந்நிதிகளையும் பார்த்துவிடலாம். நேரே தெற்கு பார்த்து ஆடும் நடராசர். தலையை இடப்பக்கம் திருப்பினால் பள்ளிகொண்ட கோவிந்தராசப் பெருமாள். ஒருவர் ஆடிக்கொண்டே இருக்கிறார், ஒருவர் உறக்கத்தில் இருக்கிறார். வெகுநேரம் அங்கே நிற்க விடமாட்டார்கள். பின்னால் இருப்பவர் "கொஞ்சம் நவுருங்க" என்பார். நின்ற அந்த அரை நிமிடத்தில் கண்ணுக்குக் கிடைப்பவை இரண்டு முழு உலகங்கள். ஒவ்வொன்றும் தானே முதற்பொருள் என்கிறது.

பக்கத்திலேயே ரகசியம். திரையை விலக்கித் தீபம் காட்டும்போது தெரிவது பொன் வில்வ மாலைகள் மட்டும்தான். அவை தொங்கும் இடத்தில் உருவம் எதுவும் கிடையாது. கண் ‘ஒன்றுமில்லை’ என்கிறது. கன்னத்தில் போட்டுக்கொள்ளும் கை ‘இதோ இருக்கிறது’ என்கிறது. இதைப் பார்த்து யாருக்கும் சித்தம் கலங்குவதில்லை. வெளியே வந்து செருப்பைத் தேடிப் போட்டுக்கொண்டு, கீழ வீதியில் ஒரு காபி குடித்துவிட்டு பஸ் ஏறிவிடுகிறார்கள்.

மேலைநாட்டுக் கற்பனைக் கதைகளில் இப்படி நடக்காது. அமெரிக்காவின் எச். பி. லவ்கிராஃப்ட் 1928இல் வெளியிட்ட ‘தி கால் ஆஃப் கதூலு’விலிருந்து ஒரு வழக்கம் ஊன்றிவிட்டது: நாம் அறிந்த உலகத்துக்குப் பொருந்தாத இன்னொரு உலகத்தை ஒருவன் கண்டுவிட்டால் அவன் மனம் உடைந்துபோகும். அதன் பின் வந்த கதைகளும் படங்களும் விளையாட்டுகளும் இந்த உடைவுக்கு விதவிதமான நோய்ப்பெயர்களைச் சூட்டிவிட்டன. முரண்பட்ட இரண்டு யதார்த்தங்களை ஒருசேரக் காண்பதால் வரும் நோய் என்று ஒன்று மருத்துவ அகராதியில் இல்லை. ஆனால் அந்தக் கற்பனைக்கு மிக அருகே வரும் நிஜங்கள் சில உண்டு. அவற்றைத் தமிழில் எழுதிப் பார்த்த இரண்டு பெரிய கதைக்காரர்களில் ஒருவர் கடலூரில் பிறந்தவர், மற்றவர் சிதம்பரத்தில் வாழ்ந்து மறைந்தவர்.

முதலில் கயிறும் பாம்பும். இருட்டில் கிடந்த கயிற்றைப் பாம்பு என்று நினைத்து அலறியவன், விளக்கு வந்ததும் தெளிகிறான். அத்வைதம் காலகாலமாகச் சொல்லும் உதாரணம் இது. இதில் ஒரு வசதி இருக்கிறது: கயிறு தெரிந்த கணத்தில் பாம்பு போய்விடும். ஒன்று வந்தால் மற்றது இல்லை. மனநோயைப் பற்றி நம்மில் பலர் வைத்திருக்கும் எண்ணமும் இதுதான். பாதிக்கப்பட்டவருக்கு விளக்கம் சொல்லிவிட்டால் தெளிந்துவிடுவார் என்று நினைக்கிறோம். தெளியாவிட்டால் பிடிவாதம் என்கிறோம்.

கண்ணே இந்த வசதிக்குக் கட்டுப்படுவதில்லை. 1889இல் ஜெர்மானியரான முல்லர்-லையர் வரைந்து காட்டிய இரண்டு கோடுகளைப் பள்ளிப் பாடப்புத்தகத்தில் பார்த்திருப்பீர்கள். ஒன்றின் முனைகளில் அம்புக்குறி உள்நோக்கி மடங்கியிருக்கும், மற்றதில் வெளிநோக்கி விரிந்திருக்கும். அளவுகோலை வைத்து அளந்தால் நீளம் ஒன்றே. அளந்து முடித்த பிறகும் ஒன்று நீளமாகத்தான் தெரியும். இங்கே விளக்கு வந்துவிட்டது, கயிறும் தெரிந்துவிட்டது; பாம்பு மட்டும் போகவில்லை. பேய் இல்லை என்று உறுதியாகத் தெரிந்தவர்களும் இரவில் புளியமரத்தடி வந்தால் நடையை எட்டிப் போடுவது இதே கணக்கில்தான்.

கணக்கு என்ற சொல்லைச் சும்மா சொல்லவில்லை. மனச்சிதைவுக்கு ‘ஸ்கிட்ஸோஃப்ரீனியா’ என்ற பெயரை உருவாக்கிய சுவிஸ் மருத்துவர் ஓய்கன் பிளாய்லர், 1911இல் வெளியான தம் பெரிய நூலில் இந்நிலையைக் குறிக்க வணிகத்திலிருந்துதான் ஒரு சொல்லை எடுத்தார்: இரட்டைப் பேரேடு. சூரிச் நகரத்து மருத்துவமனையில் அவர் பார்த்தவர்களில் தம்மை அரசர் என்றும் தளபதி என்றும் நம்பியவர்கள் இருந்தார்கள். அந்த ‘அரசர்’ ஆஸ்பத்திரியில் சொன்ன எடுபிடி வேலையையும் செய்தார். அரசர் என்பது ஒரு பேரேட்டில், வேலை இன்னொரு பேரேட்டில். இரண்டும் ஒன்றையொன்று ரத்து செய்யவில்லை. கடைத்தெருவில் ஆபீசருக்கு ஒரு நோட்டு, முதலாளிக்கு ஒரு நோட்டு என்று வைத்திருந்த கதை தெரிந்தவர்களுக்கு பிளாய்லர் சொல்வது உடனே விளங்கும். ஒரே வித்தியாசம்: கடைக்காரருக்கு எது பொய் நோட்டு என்று தெரியும். இவர்களுக்கு இரண்டும் அசல்.

இதைவிட நெருக்கமான ஒரு நிலை உண்டு. 1923இல் பிரெஞ்சு மருத்துவர்களான ஜோசஃப் கப்கிராவும் ரெபூல்-லாஷோவும் ஒரு பெண்ணைப் பற்றி எழுதினார்கள். தம் கணவரும் வீட்டாரும் மாற்றப்பட்டுவிட்டார்கள், அவர்களைப் போலவே இருக்கும் வேறு ஆட்கள் வந்திருக்கிறார்கள் என்றார் அவர். நம் ஊரில் ஆள்மாறாட்டம் என்போம். இது எப்படி நேர்கிறது என்பதற்கு 1997இல் வில்லியம் ஹிர்ஸ்டைனும் வி. எஸ். ராமச்சந்திரனும் ஒரு விளக்கம் தந்தார்கள். ராமச்சந்திரன் சென்னை ஸ்டான்லி மருத்துவக் கல்லூரியில் படித்தவர். அவர்களிடம் வந்த இளைஞர் விபத்தில் தலையில் அடிபட்டவர். பெற்றோரைப் பார்த்து, அச்சு அசலாக இருக்கிறார்கள், ஆனால் அவர்கள் இல்லை என்றார். அதே பெற்றோர் தொலைபேசியில் பேசினால் சந்தேகம் எழவில்லை. தெரிந்த முகங்களைக் காட்டி அவர் தோலின் மின்கடத்துதிறனை அளந்தார்கள். பழகிய முகத்தைக் கண்டால் நம் உள்ளங்கை நம்மை அறியாமல் சற்றே வேர்க்கும். அவருக்கு அது நடக்கவில்லை. முகத்தை அடையாளம் காணும் வழி நன்றாக இருக்கிறது. அந்த அடையாளம் உணர்ச்சியைத் தொடும் வழி அறுந்திருக்கிறது. கண் ‘அம்மா’ என்கிறது, நெஞ்சு ‘இல்லை’ என்கிறது. இரண்டு சாட்சிகளும் பொய் சொல்லாதபோது மனம் ஒரு தீர்ப்பு எழுதியாக வேண்டும். அது எழுதும் தீர்ப்புதான் ‘ஆள் மாறிவிட்டது’. முரண்பட்ட யதார்த்தங்களைக் கண்டதால் வந்த நோய் என்று எதையாவது சொல்லலாம் என்றால் இதைத்தான் சொல்வேன்.

முரண் மூளைக்குள் இல்லை, வீட்டில் இருக்கிறது என்ற நேரெதிரான ஒரு கொள்கையும் இருந்தது. 1956இல் கிரெகரி பேட்ஸனும் கூட்டாளிகள் மூவரும், வீட்டில் பிள்ளைக்கு ஓயாமல் முரண்பட்ட கட்டளைகள் கிடைப்பதால் மனச்சிதைவு வருகிறது என்றார்கள். வாயால் ‘வா’ என்றும் உடம்பால் ‘போ’ என்றும் சொல்லும் தாய். அழகான கொள்கைதான். ஆனால் அது மனச்சிதைவை உண்டாக்குகிறது என்பதற்கு ஆதாரம் தேறவில்லை; அதற்குள் ஒரு தலைமுறைத் தாய்மார்கள் மேல் பழி விழுந்துவிட்டது. வளர்ப்புச் சரியில்லை என்ற பேச்சு நம் ஊரில் இன்னும் ஓயவில்லை என்பதால்தான் இதைக் குறிப்பிடுகிறேன்.

இனி கடலூர். ஊரார் வாயில் திருப்பாப்புலியூர் என்று சுருங்கிவிட்ட திருப்பாதிரிப்புலியூரில் 1906 ஏப்ரல் 25 அன்று பிறந்தார் சொ. விருத்தாசலம். தந்தை சொக்கலிங்கம் பிள்ளை நிலப்பதிவுத் துறையில் தாசில்தார். எந்த நிலம் யாருடையது என்று ஒரே பதிவேட்டில் எழுதித் தீர்க்கும் உத்தியோகம். மகன் புதுமைப்பித்தன் என்று பெயர் வைத்துக்கொண்டு நேர்மாறான வேலையைச் செய்தார். சிறுவயதிலேயே திருநெல்வேலிக்குப் போய்விட்டவர்தான். கடலூர் அவரை எழுத்தாளராக்கியது என்று உரிமை கொண்டாடுவது சரியாகாது.

1943இல் வந்த ‘காஞ்சனை’யைப் பேய்க்கதை என்று எடுத்துக்கொண்டு படித்தவர்கள் உண்டு. கதை சொல்பவர் எழுத்தாளர். வீட்டுக்குப் பிச்சை கேட்டு வந்த பெண்ணை மனைவி வேலைக்கு வைத்துக்கொள்கிறார். இரவில் இவருக்குப் பிணவாடை போல் ஒரு நாற்றம் வருகிறது. பேய் என்றால் கால் தரையில் பாவாதே என்று குனிந்து பார்க்கிறார், பாவித்தான் இருக்கிறது. இந்த ஒரு நோக்கில்தான் கதையின் சாமர்த்தியம் முழுவதும் இருக்கிறது. சோதனை செய்தாயிற்று, விடை கிடைத்தாயிற்று, பயம் போகவில்லை. முல்லர்-லையர் கோடுகளை அளந்த அதே கதை. மனைவிக்கு அந்தப் பெண் வெறும் வேலைக்காரி; இவருக்கு வேறு என்னவோ. கதை எந்தப் பேரேட்டிலும் கையெழுத்துப் போடாமல், ஆண்களைப் பற்றி மனைவி உதிர்க்கும் ஒரு சலிப்போடு முடிந்துவிடுகிறது.

இலக்கியக் கோட்பாட்டாளர் ஸ்வெதான் தொதரோவ் 1970இல் எழுதிய நூலில், இயல்பான விளக்கத்துக்கும் இயற்கையை மீறிய விளக்கத்துக்கும் இடையே வாசகர் தயங்கி நிற்கும் கணமே அதிசயக் கதையின் உயிர் என்றார். ‘காஞ்சனை’ அதை 27 ஆண்டுகளுக்கு முன்பே செய்து காட்டிவிட்டது. தொதரோவின் இலக்கணத்தில் இல்லாத ஒன்றும் இதில் இருக்கிறது: அந்தச் சலிப்பு. லவ்கிராஃப்ட் கதையில் இரண்டாவது உலகம் தெரிந்தவர் பைத்தியக்கார ஆஸ்பத்திரிக்குப் போவார். புதுமைப்பித்தன் கதையில் அவர் காபி குடிப்பார், மனைவியிடம் பேச்சு வாங்குவார். குடும்பம் என்ற முதல் பேரேடு அத்தனை கெட்டியாக இருக்கிறது.

‘சிற்பியின் நரகம்’ இன்னும் கசப்பானது. காவிரிப்பூம்பட்டினத்துச் சிற்பி சாத்தன் தன் ஆயுளைக் கொட்டி ஒரு நடராசரை வடிக்கிறான். சிலை கோயிலுக்குள் போகிறது. கனவில், வருகிற நிழல்களெல்லாம் மோட்சம் மோட்சம் என்று முனகுகின்றன. சிலையை ஏறிட்டுப் பார்க்க ஆளில்லை. அவன் கண்டது ஆட்டம். அவர்கள் கண்டது வீடுபேற்றுக்கு ஒரு வாசல். பொருள் ஒன்று, யதார்த்தம் இரண்டு. கனவிலேயே அவன் தன் சிலையை உடைக்கிறான். சிதம்பரத்தில் வரிசையில் நிற்கும்போதெல்லாம் எனக்குச் சாத்தன் ஞாபகம் வந்துவிடும்; ‘நவுருங்க’ என்ற குரல் கேட்டதும் நானும் நகர்ந்துவிடுவேன்.

அந்தச் சிதம்பரத்தில்தான் மௌனி இருந்தார். செம்மங்குடியில் 1907இல் பிறந்து, கணிதம் படித்து, கும்பகோணத்தில் இருந்துவிட்டு இங்கே வந்து சேர்ந்தவர், 1985இல் மறைந்தார். மொத்தம் 24 கதைகள். புதுமைப்பித்தன் அவரைச் சிறுகதையின் திருமூலர் என்றார். அந்த 24இன் தலைப்புகளை மட்டும் அடுக்கினாலே ஒரு நோய்க்குறிப்பேடு போல் இருக்கும்: மாறாட்டம், சிகிச்சை, பிரக்ஞை வெளியில், நினைவுச் சுழல், மனக்கோலம், தவறு.

‘அழியாச்சுடர்’ கதையில் ஒருவன் ஜன்னலருகே உட்கார்ந்து வெளியே இலையில்லாத மரத்தையே பார்த்துக்கொண்டிருக்கிறான். ஒன்பது ஆண்டுகளுக்கு முன் கோயிலில் கண்ட ஒரு சிறுபெண்ணிடம் சொல்லிவிட்ட வார்த்தை அவனைப் பிடித்திருக்கிறது. அந்தக் கோயிலின் தூணில் நிற்கும் யாளி கல்லாகவும் இருக்கிறது, கோபத்தோடு பார்க்கவும் செய்கிறது. புதுமைப்பித்தன் என்றால் இந்த இடத்தில் யாளியின் அருகே போய்த் தட்டிப் பார்க்க ஓர் ஆளை அனுப்பியிருப்பார். மௌனி அனுப்புவதில்லை. அவர் உலகத்தில் சோதனை என்பதே கிடையாது. கல்லும் பார்வையும் ஒரே வாக்கியத்துக்குள் வந்து உட்கார்ந்துவிடும். அவர் தமிழ் சில இடங்களில் இலக்கணம் திணறுவதுபோல் இருக்கும். அதை நடைக்குறை என்றார்கள் சிலர். இரண்டு பேரேடுகளை ஒரே வரியில் எழுதப் போனால் வரி திணறத்தான் செய்யும் என்பது என் எண்ணம்.

ஒரு குறை சொல்ல வேண்டும். மௌனியின் பெண்கள் தனியாக எதையும் காண்பதில்லை. ஆண் தன் இரண்டாம் உலகத்தை விரித்துப் பார்க்கும் திரையாக நிற்கிறார்கள். ‘காஞ்சனை’யின் மனைவிக்குக் கிடைத்த ஒரு வரி சலிப்புகூட அவர்களுக்குக் கிடைக்கவில்லை.

கதைகளை விட்டு ஊருக்குள் வருவோம். இப்பகுதிக் கிராமங்களில் திரௌபதி அம்மன் திருவிழாவில் தெருக்கூத்து நடக்கும், கடைசியில் படுகளம். மண்ணில் செய்து கிடத்திய துரியோதனன் உருவத்தின் மேல், வேஷம் கட்டிய துரியோதனன் நின்று போராடுவார். பக்கத்துத் தெருக்காரர் அவர், எல்லோருக்கும் தெரியும். ஆவேசம் ஏறிவிட்டால் அவர் அரசர், அதுவும் எல்லோருக்கும் தெரியும். பிடித்துக்கொள்ள ஆள் சுற்றி நிற்கும். கூட்டத்தில் சிலருக்கு மருள் வரும். தமிழில் மருள் என்ற ஒரே சொல் மயக்கத்தையும் குறிக்கும், தெய்வம் ஏறியதையும் குறிக்கும். பிறகு விபூதி பூசுவார்கள், கற்பூரம் காட்டுவார்கள், தண்ணீர் தருவார்கள். "சாமி மலையேறிடுச்சு" என்பார்கள். அந்த ஆள் வேட்டியைச் சரிசெய்துகொண்டு வீட்டுக்குப் போவார்.

இந்த ‘மலையேறுதல்’தான் நான் சொல்ல வந்தது. இரண்டாம் பேரேட்டைத் திறக்க ஒரு நாள், மூட ஒரு வழி, சுற்றிலும் ஆட்கள், முடிந்ததும் சாப்பாடு. இரண்டு உலகங்களைக் காண்பது நோயில்லை. சாமி மலையேறாமல் தங்கிவிடுவதுதான் நோய். கூட்டம் கலைந்த பிறகும், நடு இரவிலும், பஸ்ஸிலும், அலுவலகத்திலும் கூத்து ஓயாமல் நடந்துகொண்டிருக்கிறது, பிடித்துக்கொள்ள ஆளில்லை, பார்ப்பவர் ஒருவர் மட்டும்.

ஆய்வுகளும் இந்தப் பக்கம்தான் கைகாட்டுகின்றன. மானிடவியலாளர் டான்யா லூர்மனும் சென்னை ஸ்கார்ஃப் நிறுவனத்தின் மருத்துவர் ஆர். பத்மாவதி முதலானோரும் கலிஃபோர்னியாவின் சான் மாடேயோ, கானாவின் அக்ரா, சென்னை ஆகிய மூன்று ஊர்களில் குரல்கள் கேட்கும் மனச்சிதைவு நோயாளிகளை, ஊருக்கு 20 பேராக, நேர்கண்டார்கள்; அந்த ஆய்வு 2015இல் வெளியானது. அமெரிக்கர்களுக்குக் கேட்டவை பெரும்பாலும் வன்முறையான, அறிமுகமில்லாத குரல்கள். சென்னைக்காரர்களில் பாதிக்கு மேல் உறவினர் குரலைக் கேட்டார்கள். குளி, சாப்பிடு, வேலையைப் பார் என்று அதட்டும் குரல்கள். இரண்டாம் பேரேட்டிலும் மாமியாரோ அண்ணனோ வந்து உட்கார்ந்துகொள்கிறார்.

2002இல் ஆர். ரகுராமும் குழுவினரும் பிரிட்டிஷ் மெடிக்கல் ஜர்னலில் எழுதியது இன்னொன்று. தமிழ்நாட்டில் ஒரு முத்துசாமி கோயிலில் தங்கியிருந்த 31 பேரைக் கவனித்தார்கள். மருந்தும் சடங்குச் சிகிச்சையும் இல்லாமல், வீட்டார் ஒருவர் துணையோடு சில வாரங்கள் தங்கி, கோயிலைக் கூட்டுவது, செடிக்குத் தண்ணீர் ஊற்றுவது போன்ற வேலைகளைச் செய்ததில், நோய்க்குறி மதிப்பெண் ஏறக்குறைய 20 சதவீதம் குறைந்தது. இதை வைத்துக்கொண்டு மருந்தே வேண்டாம் என்று கிளம்புபவர்களுக்கு ஒரு தேதியை நினைவூட்ட வேண்டும்: 2001 ஆகஸ்ட் 6. ஏர்வாடியில், வழிபாட்டுத் தலத்தை நம்பி நடத்தப்பட்ட காப்பகத்தில் தீப்பிடித்தபோது சங்கிலியால் கட்டப்பட்டிருந்த 28 பேர் ஓட முடியாமல் இறந்தார்கள். முந்தைய கோயிலில் துணைக்கு ஆள் இருந்தது. இங்கே சங்கிலி இருந்தது. நம்பிக்கையையும் மருத்துவத்தையும் பற்றிய சண்டையில் இந்த வித்தியாசத்தைத்தான் நாம் பேசுவதில்லை.

முரண் மனத்துக்குள் இல்லாமல் வெளியுலகத்திலேயே இருந்துவிடுவதும் உண்டு. கடலூர்க் கரைக்கு இது புதிதல்ல. கடலுக்குப் போனவர் வரவில்லை, உடலும் ஒதுங்கவில்லை. 2004 டிசம்பர் 26 சுனாமிக்குப் பிறகு தேவனாம்பட்டினம் முதல் கிள்ளை வரை கரையோரம் முழுவதும் இழப்பு. பவுலின் பாஸ் என்ற அமெரிக்க ஆய்வாளர் இதைத் தெளிவற்ற இழப்பு என்றார்: இறந்தார் என்று அழவும் முடியாது, இருக்கிறார் என்று காத்திருக்கவும் முடியாது. இரண்டு கணக்கும் சரி. சட்டம்கூட இதற்கு ஒரு மலையேற்றம் வைத்திருக்கிறது: ஏழு ஆண்டுகள் எந்தச் செய்தியும் இல்லையென்றால் இறந்ததாகக் கொள்ளலாம். மனம் அந்த ஏழில் அடங்குவதில்லை.

வடலூர் பக்கத்து மேட்டுக்குப்பத்தில் 1874 சனவரி 30 அன்று வள்ளலார் ஓர் அறைக்குள் போனார், திரும்ப வரவில்லை. ஒளியில் கலந்தார் என்பது அன்பர் கணக்கு, வேறு கணக்குகளும் உண்டு. தைப்பூசம் கழித்து அந்த அறையின் தரிசனத்துக்கு ஆண்டுதோறும் கூட்டம் வருகிறது. வந்தவர்கள் பார்த்துவிட்டு, அன்னம் சாப்பிட்டுவிட்டு, ஊர் திரும்புகிறார்கள். ஓர் ஊரே சேர்ந்து ஒரு மூடிய கதவைச் சுமப்பதற்கும், ஒரு வீடு தனியாகச் சுமப்பதற்கும் பாரத்தில் வேறுபாடு உண்டு.

உங்கள் வீட்டிலோ தெருவிலோ யாராவது, அம்மா மாறிவிட்டாள் என்றோ, சுவர் பேசுகிறது என்றோ சொன்னால், அப்படி ஒன்றுமில்லை என்று அளவுகோலை நீட்டாதீர்கள்; கோட்டை அளந்தாலும் நீளமாகத்தான் தெரியும் என்று பார்த்தோம். ஆமாம் ஆமாம் என்று தலையாட்டவும் வேண்டாம். "பயமா இருக்கா? ராத்திரி தூங்கினியா? சாப்பிட்டியா?" என்று கேளுங்கள். பக்கத்தில் உட்காருங்கள். பிறகு கடலூரிலோ சிதம்பரத்திலோ அரசு மருத்துவமனையின் மனநலப் பிரிவுக்கு நீங்களே கூட்டிக்கொண்டு போங்கள். அதுவரை பேச ஆள் வேண்டுமென்றால் அரசின் மனநலத் தொலைபேசிச் சேவையான டெலி-மானஸ் எண் 14416. இரவிலும் எடுப்பார்கள், தமிழிலேயே பேசலாம், கட்டணம் கிடையாது.